எள்ளை மூட்டையாக விற்பதா, உருண்டையாக விற்பதா?

நம்ம இயக்கத்தின் மாதக் கூட்டங்களில் இப்போது அதிகமாகக் காதில் விழும் சொல் 'மதிப்புக்கூட்டல்'. விளைச்சலை அப்படியே விற்காதே, பண்டமாக்கி விற்றுப் பார் என்று எல்லோரும் சொல்கிறார்கள். சரிதான். ஆனால் எந்தப் பண்டம், என்ன அளவு, என்ன பக்குவம், கணக்கு எப்படி என்று புதிதாக வந்த ஒரு நண்பர் கேட்டால் பேச்சு அங்கேயே நின்றுவிடுகிறது. அதனால் ஒரே ஒரு பண்டத்தை எடுத்துக்கொண்டு, களத்திலிருந்து பாக்கெட் வரை எழுதலாம் என்று நினைத்தேன். அந்தப் பண்டம் உருண்டை.

லட்டு என்றதும் எல்லோருக்கும் பூந்தி லட்டுதான் நினைவுக்கு வரும். அதற்குக் கடலை மாவு கரைக்க வேண்டும், எண்ணெயில் பொரிக்க வேண்டும், சீனிப் பாகு வேண்டும். நம்ம வீடுகளில் தலைமுறையாகச் செய்து வந்த உருண்டைகள் வேறு வகை. எள்ளுருண்டை, கடலை உருண்டை, கம்பு உருண்டை, பாசிப்பயறு உருண்டை, கார்த்திகைக்குப் பொரி உருண்டை. இவற்றில் பொரிப்பு வேலையே கிடையாது. வறுக்க வேண்டும், இடிக்க வேண்டும், வெல்லத்தோடு சேர்க்க வேண்டும். அவ்வளவுதான். ஏலக்காய், சுக்கு தவிர மற்ற எல்லாமே நம்ம காட்டில் விளைகிற பொருள். கடையிலிருந்து எண்ணெய் டின் வாங்கி வந்து செய்கிற பண்டத்துக்கும் இதற்கும் இதுதான் பெரிய வித்தியாசம்.

எங்கள் ஈரோடு மாவட்டத்தில் எள்ளும் நிலக்கடலையும் பழகிய பயிர்கள். சிவகிரி ஒழுங்குமுறை விற்பனைக் கூடத்தில் எள் ஏலம் நடக்கிறது. கவுந்தப்பாடியில் நாட்டுச் சர்க்கரை ஏலம் நடக்கிறது, பழனி பஞ்சாமிர்தத்துக்குக்கூட அங்கிருந்து சர்க்கரை வாங்குகிறார்கள். எள்ளும் சர்க்கரையும் இப்படிப் பக்கத்துப் பக்கத்தில் கிடைக்கும்போது, எள்ளுருண்டைப் பாக்கெட் மட்டும் எங்கேயோ ஒரு தொழிற்சாலையிலிருந்து நம்ம ஊர்ப் பெட்டிக்கடைக்கு வருவானேன்?

சுத்தம் களத்தில் தொடங்குகிறது

எள்ளுருண்டையை வாயில் போட்டு 'நறுக்' என்று ஒரு மண் கடிபட்டால் அந்த வாடிக்கையாளர் திரும்பி வர மாட்டார். அந்த மண்ணை அடுப்படியில் எடுப்பதைவிட, சேராமல் பார்ப்பது சுலபம். செடியின் அடி இலைகள் மஞ்சளாகி உதிரத் தொடங்கி, கீழ்க்காய்கள் பழுப்பேறி வரும்போதே, காய் வெடிப்பதற்கு முன் அறுத்துவிட வேண்டும். அறுத்ததை அடுக்கி வைத்து, காய்ந்த பிறகு தார்ப்பாய் விரித்து அதன்மேல் கவிழ்த்துத் தட்ட வேண்டும். வெறும் மண் தரையில் தட்டினால் எள் அளவுக்கே இருக்கும் பொடிக்கல் கலந்துவிடும். அது எந்தச் சல்லடையிலும் நிற்காது.

வீட்டுக்கு வந்த எள்ளை முறத்தில் புடைத்து, பிறகு தண்ணீரில் அரித்து எடுக்க வேண்டும். எள் மேலே வரும், மண் அடியில் நிற்கும். இரண்டு மூன்று தடவை இப்படி அரித்து, வடிகட்டி, துணியில் பரப்பி நன்றாக உலர்த்திவிடுங்கள். எள்ளு காயுது எண்ணெய்க்கு, எலிப்புழுக்கை எதுக்குக் காயுது என்று ஒரு பழமொழி உண்டு. வேடிக்கையாகச் சொல்வது என்றாலும், எள் உலர்த்துகிற இடத்தில் அந்த இன்னொன்றும் சேர்ந்து காய்ந்துகொண்டிருக்கக் கூடாது. துணி, மூடி, காவல் எல்லாம் வேண்டும்.

நிலக்கடலைக்கு வேறு ஒரு எச்சரிக்கை. சரியாகக் காயாத கடலையில் அஸ்பெர்ஜில்லஸ் என்ற பூஞ்சாணம் வளர்ந்து அஃப்ளாடாக்சின் என்ற நஞ்சை உண்டாக்கும். ஈரலைக் கெடுக்கிற நஞ்சு அது. வறுத்தால் முழுசாகப் போகாது. நாம் மருந்து அடிக்காமல் விளைவித்தோம் என்பதற்காக இந்தப் பூஞ்சாணம் நம்மை விட்டுவிடாது. அதனால் பிடுங்கிய காயை உடனே காய வைத்து, குலுக்கினால் உள்ளே பருப்பு உருளும் சத்தம் கேட்கும் வரை விட வேண்டும். உடைத்த பிறகு சுருங்கியது, கறுத்தது, பூசணம் பிடித்தது எல்லாவற்றையும் கையால் பொறுக்கி எறிய வேண்டும். பொறுக்கியதை மாட்டுக்கும் போடக் கூடாது. தின்ற மாட்டின் பாலிலும் அந்த நஞ்சு வரும்.

வெல்லம் பார்த்து வாங்கும் முறை

உருண்டையில் பத்தில் நாலு பங்கு வெல்லம். ஆகவே வெல்லம் கெட்டால் உருண்டை கெட்டது. பளிச்சென்று மஞ்சளாக, அழகாக இருக்கும் வெல்லத்தைக் கண்டால் ஒரு நிமிடம் யோசியுங்கள். கரும்புச் சாற்றைக் காய்ச்சினால் இயல்பாக வருவது பழுப்பு நிறம். அதை வெளுக்க வைக்க ஆலைக் கொட்டகைகளில் 'ஹைட்ராஸ்' என்று சொல்லும் சோடியம் ஹைட்ரோசல்பைட்டைச் சேர்க்கும் பழக்கம் இருக்கிறது. பழைய முறையில் அழுக்கெடுக்க வெண்டைச் செடியின் வழுவழுப்புச் சாற்றையும் கொஞ்சம் சுண்ணாம்பையும்தான் பயன்படுத்தினார்கள். முடிந்தால் கொட்டகைக்கே போய்க் கொப்பரைப் பக்கத்தில் நின்று பார்த்து வாங்குங்கள். ஒரு துண்டைத் தண்ணீரில் கரைத்து வையுங்கள். அடியில் வெள்ளையாக மாவு மாதிரி படிந்தால் சாக்கட்டித் தூள் கலப்படம் இருக்கலாம்.

பாகு வைக்கும் உருண்டைக்கு இன்னொன்றும் கவனிக்க வேண்டும். சில வெல்லம் எவ்வளவு காய்ச்சினாலும் இறுகாது, கையில் பிசுபிசுக்கும். வெட்டிய கரும்பை இரண்டு மூன்று நாள் போட்டு வைத்து ஆட்டினால், கரும்பில் உள்ள சர்க்கரையே உடைந்து வேறு வகைச் சர்க்கரையாகிவிடும். அது ஈரத்தை இழுக்கும், இறுகாது. கரும்புக்குக் கடைசிக் காலம் வரை தழைச்சத்து உரத்தைக் கொட்டினாலும் வெல்லத்தின் தரம் குறையும். ஆக, யூரியா போடாமல் வளர்த்து, வெட்டிய அன்றே ஆட்டிய கரும்பின் வெல்லம் என்றால் உருண்டை பிடிக்கிற கைக்கே தெரியும்.

1. இடித்த எள்ளுருண்டை

புதிதாகத் தொடங்குகிறவர்களுக்கு நான் இதைத்தான் சொல்வேன். பாகு பதம் பார்க்கும் வேலை இல்லை.

வேண்டியவை: சுத்தம் செய்த கறுப்பு எள் அல்லது செவ்வெள் 500 கிராம், நாட்டுச் சர்க்கரை அல்லது கருப்பட்டி 300 கிராம், ஏலக்காய் 5, விரும்பினால் சுக்குத் தூள் அரைத் தேக்கரண்டி.

கனமான இரும்பு வடைச்சட்டியைச் சூடாக்கி, தீயைக் குறைத்து, ஒரு தடவைக்கு இரண்டு கைப்பிடி எள் மட்டும் போட்டு வறுக்க வேண்டும். மொத்தமாகக் கொட்டினால் அடி கருகும், மேல் பச்சையாக இருக்கும். எள் படபடவென்று வெடிக்கத் தொடங்கி, அந்தச் சத்தம் குறையும்போது இறக்கிவிடுங்கள். இரண்டு விரலுக்கு இடையில் வைத்து நசுக்கினால் மாவாக உடைய வேண்டும். அதுதான் பதம். அதற்கு மேல் சட்டியில் இருந்தால் கசப்பு ஏறும், கறுப்பு எள்ளில் நிறத்தை வைத்து அதைக் கண்டுபிடிக்க முடியாது. வறுத்ததை உடனே வேறு பாத்திரத்துக்கு மாற்றுங்கள். சட்டியின் சூடே கருக்கிவிடும்.

ஆறிய எள்ளை உரலில் போட்டு இடிக்க வேண்டும். முக்கால் பதம் இடிபட்டதும் சர்க்கரையையும் ஏலக்காயையும் போட்டு மறுபடி இடிக்க வேண்டும். எள்ளில் ஏறக்குறையப் பாதி எண்ணெய்தான். இடிக்க இடிக்க அது கசிந்து சர்க்கரையோடு சேர்ந்து மாவு ஒட்டிக்கொள்ளும். உலக்கையைத் தூக்கும்போது மாவு கூடவே ஏறி வந்தால் போதும், நிறுத்து என்பார் எங்கள் அம்மாயி. நெய்யோ பாலோ தண்ணீரோ எதுவும் வேண்டாம். அப்படியே எடுத்து உருட்டலாம்.

உரல் இல்லாதவர்கள் மிக்சியில் செய்யலாம். ஆனால் ஓட விடாமல், விட்டு விட்டு இரண்டு மூன்று சுற்றுதான் சுற்ற வேண்டும். தொடர்ந்து ஓட்டினால் சூடேறி எண்ணெய் தனியாகப் பிரிந்து களி மாதிரி ஆகிவிடும். அந்த உருண்டை இரண்டு நாளில் சிக்கு வாடை அடிக்கும்.

கருப்பட்டியில் மண், தூசு இருந்தால் வடிகட்ட வழி இல்லாத முறை இது. ஆகவே சல்லடையில் சலித்த நாட்டுச் சர்க்கரைதான் பாதுகாப்பு. எங்கள் பக்கம் 'சர்க்கரை' என்றாலே நாட்டுச் சர்க்கரைதான், வெள்ளையாக இருப்பதற்கு 'அஸ்கா' என்று பெயர். வெளியூர் நண்பர்கள் குழப்பிக்கொள்ள வேண்டாம்.

2. கடலை உருண்டை

வேண்டியவை: வறுத்துத் தோல் நீக்கி இரண்டாக உடைத்த நிலக்கடலை 1 கிலோ, உருண்டை வெல்லம் 550 கிராம், ஏலக்காய், சுக்கு கொஞ்சம், கையில் தொட்டுக்கொள்ள அரிசி மாவு.

கடலையைச் சலித்த ஆற்று மணலில் வறுத்தால் எல்லாப் பக்கமும் ஒரே சீராக வறுபடும். வறுத்து ஆறிய பிறகு கையால் தேய்த்து முறத்தில் புடைத்தால் தோலும் முளைக்குருத்தும் பறந்துவிடும்.

வெல்லத்தைத் தட்டி, ஒரு டம்ளர் தண்ணீரில் கரைத்து, கொதி வந்ததும் துணியில் வடிகட்டுங்கள். மண்ணும் சக்கையும் துணியில் நிற்கும். மறுபடி அடுப்பில் ஏற்றிக் காய்ச்ச வேண்டும். பாகு மூன்று நிலை தாண்டும். முதலில் விரலிடுக்கில் கம்பி இழுக்கும். பிறகு தண்ணீரில் ஒரு சொட்டு விட்டால் மெத்தென்று திரளும், இது அதிரசப் பதம். கடலை உருண்டைக்கு இன்னும் போக வேண்டும். தண்ணீரில் விட்ட சொட்டை எடுத்து உருட்டித் தட்டில் போட்டால் 'டங்' என்று சத்தம் வர வேண்டும், கடித்தால் பல்லில் ஒட்டாமல் உடைய வேண்டும். அந்த நொடியில் அடுப்பை அணைத்துக் கடலையைக் கொட்டிக் கிளற வேண்டும். ஒரு நிமிடம் முந்தினால் உருண்டை இளகும், ஒரு நிமிடம் பிந்தினால் கசக்கும்.

இது சூட்டோடு பிடிக்க வேண்டிய பண்டம். ஒரு ஆள் கிளற, இரண்டு ஆள் அரிசி மாவைத் தொட்டுக்கொண்டு பிடிக்க வேண்டும். ஒரு ஈடுக்கு 1 கிலோவுக்கு மேல் போடாதீர்கள். பாதி பிடிப்பதற்குள் மீதி இறுகிவிடும்.

3. கம்பு உருண்டை

வேண்டியவை: கம்பு 500 கிராம், வறுத்த நிலக்கடலை 150 கிராம், வறுத்த எள் 50 கிராம், நாட்டுச் சர்க்கரை 350 கிராம், நெய் 100 மில்லி, ஏலக்காய்.

கம்பில் முக்கியமான ஒரு விஷயம். கம்பு மாவு மற்ற மாவுகளைப் போல நிற்காது. தானியத்தில் உள்ள கொழுப்பை உடைக்கிற நொதி, அரைத்த உடனே வேலையைத் தொடங்கிவிடும், சில நாளிலேயே மாவு கசக்கும். 'கம்பு மாவு கசக்குது, கம்பே கெட்டுப் போச்சு' என்று சொல்கிறவர்கள் பெரும்பாலும் அரைத்து வைத்த மாவை வாங்கினவர்கள். ஆகவே கம்பை முழுசாக வைத்திருங்கள். செய்கிற அன்றைக்கு வாசம் வந்து பொரியும் வரை வறுத்து அரையுங்கள். வறுப்பதால் அந்த நொதியின் வேகமும் அடங்கும். அரைத்த மாவோடு பொடித்த கடலை, எள், சர்க்கரை எல்லாம் கலந்து, உருக்கிய நெய்யைச் சூடாக ஊற்றி இறுக்கிப் பிடிக்க வேண்டும். இதே அளவில் கேழ்வரகு, தினை, பாசிப்பயறு எதிலும் செய்யலாம்.

எத்தனை நாள் நிற்கும்?

எங்கள் வீட்டு அனுபவத்தில் இடித்த எள்ளுருண்டை 15 நாள், முற்றிய பாகில் செய்த கடலை உருண்டை காற்றுப் புகாமல் மூடினால் ஒரு மாதம், கம்பு உருண்டை 7 முதல் 10 நாள். உங்கள் ஊர் வெயிலும் ஈரமும் வேறு. ஆகவே நான் சொன்ன நாளை அப்படியே அச்சடித்துவிடாதீர்கள். ஒவ்வொரு ஈட்டிலும் மூன்று உருண்டையைத் தனி டப்பாவில் போட்டுத் தேதி எழுதி வையுங்கள். 7ஆம் நாள், 15ஆம் நாள், 30ஆம் நாள் ஒவ்வொன்றாக எடுத்து முகர்ந்து, கடித்துப் பாருங்கள். எந்த நாளில் சிக்கு வாடை தெரிகிறதோ அதற்கு ஒரு வாரம் முன்னதாகவே உங்கள் கெடுவை முடித்துக்கொள்ளுங்கள். கெடுக்கிறவை நாலுதான்: ஈரம், காற்று, வெளிச்சம், சூடு. ஈரக்கை படக் கூடாது. பச்சைத் தேங்காய் சேர்க்கக் கூடாது. சூடு ஆறாமல் மூடக் கூடாது, உள்ளே வேர்க்கும்.

கணக்கு

இனி வருவதுதான் இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்த காரணம். வங்கியில் வேலை பார்த்த காலத்தில் எத்தனையோ சிறுதொழில் விண்ணப்பங்களைப் படித்திருக்கிறேன். மூலப்பொருள், எரிபொருள், வாடகை எல்லாம் பைசா சுத்தமாக எழுதியிருப்பார்கள். 'கூலி' என்ற இடத்தில் மட்டும் 'குடும்ப உறுப்பினர்களே செய்வார்கள்' என்று எழுதிக் கோடு போட்டிருப்பார்கள். இப்போது நம்ம மதிப்புக்கூட்டல் கணக்குகளிலும் அதே கோட்டைப் பார்க்கிறேன்.

5 கிலோ எள்ளுக்கு ஒரு மாதிரிக் கணக்குப் போடுவோம். விலைகளை உங்கள் ஊருக்குத் தக்கபடி மாற்றிக்கொள்ளுங்கள்.

எள் 5 கிலோ, கிலோ 150 ரூபாய்: 750
நாட்டுச் சர்க்கரை 3 கிலோ, கிலோ 70 ரூபாய்: 210
ஏலக்காய், சுக்கு: 60
எரிபொருள்: 60
உறை, சீட்டு: 180
போக்குவரத்து: 100
கூலி, 2 பேர் 5 மணி நேரம், மணிக்கு 60 ரூபாய்: 600
மொத்தம்: 1,960

எள் நம்ம காட்டில் விளைந்ததுதானே என்று அதைச் சும்மா போடக் கூடாது. வியாபாரி என்ன விலை கொடுப்பாரோ அந்த விலைக்கு நம்மிடமிருந்து நாமே வாங்குவதாக எழுத வேண்டும்.

5 கிலோ எள் சுத்தம் செய்து வறுத்தால் 4.6 கிலோ நிற்கும் என்று வைத்துக்கொள்வோம். சர்க்கரையோடு 7.6 கிலோ. உரலில் ஒட்டியது, உதிர்ந்தது போக 7.25 கிலோ. 250 கிராம் பாக்கெட் 29 வரும். ஒன்றைச் சுவை பார்க்கக் கொடுத்தால் விற்பனைக்கு 28. ஒரு பாக்கெட்டின் அடக்கம் 70 ரூபாய்.

இப்போது கூலியை எடுத்துவிட்டுப் பாருங்கள். 1,360 ரூபாயை 28ஆல் வகுத்தால் 49 ரூபாய்க்குள் வரும். 60 ரூபாய்க்கு விற்றால் 11 ரூபாய் லாபம் என்று சந்தோஷமாக இருக்கும். உண்மையில் ஒவ்வொரு பாக்கெட்டுக்கும் 10 ரூபாய் நஷ்டம். அந்த நஷ்டத்தை நீங்கள் கொடுக்கவில்லை, அடுப்பங்கரையில் நின்று வறுத்து இடித்துப் பிடித்த வீட்டம்மாவும் மருமகளும் கொடுக்கிறார்கள். காட்டு வேலை, மாட்டு வேலை, சமையல் எல்லாம் முடித்துவிட்டு அதற்கு மேல் இதைச் செய்கிறார்கள். ஒரு வருடம் செய்வார்கள். இடுப்பு வலி, தோள் வலி வந்ததும் நிறுத்திவிடுவார்கள். 'நல்லாத்தான் போச்சு, ஆள் இல்லாம நிறுத்திட்டோம்' என்று நம்ம ஆட்கள் சொல்வார்கள். ஆளுக்குக் கூலி கொடுக்காததால் நின்றது என்பதுதான் சரி.

மருந்து அடிக்காத விவசாயம் மண்ணைச் சுரண்டக் கூடாது என்பதற்காகத்தான் இந்த வழிக்கு வந்தோம். வீட்டுப் பெண்களின் உழைப்பைச் சுரண்டி எள்ளுருண்டை விற்றால் அது என்ன இயற்கை வழி?

சரி, 90 ரூபாய்க்கு விற்போம். பாக்கெட்டுக்கு 20, 28 பாக்கெட்டுக்கு 560 ரூபாய் மிச்சம். கூலி 600 அதற்கு முன்பே தனியாகக் கையில் கொடுத்தாயிற்று. ஆக 750 ரூபாய் எள் மூட்டையாகப் போயிருந்தால் 750தான். உருண்டையாகப் போனதால் 1,160 ரூபாய் கூடுதலாக ஊருக்குள் நிற்கிறது. இதுதான் மதிப்புக்கூட்டல்.

அதே 90 ரூபாய் பாக்கெட்டைக் கடைக்குக் கொடுத்து அவர்கள் 25 சதவீதம் கழித்தால் நம்ம கைக்கு 67 ரூபாய் 50 பைசா. அடக்கத்துக்கும் கீழே போய்விடும். ஆகவே முதல் வருடம் நேரடி விற்பனை மட்டும் போதும். வாரச் சந்தை, நம்ம இயக்க அங்காடி, தெரிந்த 30 குடும்பம். முன்பணம் வாங்கி, ஆர்டர் அளவுக்கு மட்டும் செய்யுங்கள்.

ஒரு பள்ளி நோட்டுப் போதும். தேதி, எந்த வயல் எள், எத்தனை கிலோ, யார் யார் எத்தனை மணி நேரம், எத்தனை பாக்கெட், எத்தனை திரும்பியது. வேலை செய்தவர் கையெழுத்துப் போட்டுக் கூலி வாங்க வேண்டும், அது உங்கள் மனைவியாக இருந்தாலும். எங்கள் வீட்டில் அப்படித்தான் நடக்கிறது. முதலில் சிரித்தார்கள். இப்போது நேரம் கூடிப் போனால் அவர்களே நோட்டை எடுத்து நீட்டுகிறார்கள்.

மெஷினும் கடனும்

மாவு இடிக்கும் மெஷின், வறுக்கும் டிரம், உறை ஒட்டும் மெஷின் எல்லாவற்றுக்கும் உதவி இருக்கிறது. 2020இல் தொடங்கிய பிரதம மந்திரி உணவு பதப்படுத்தும் குறு நிறுவனங்கள் திட்டத்தில் தகுதியான செலவில் 35 சதவீதம், அதிகபட்சம் 10 லட்சம் ரூபாய் மானியம் என்று வைத்தார்கள். நல்ல திட்டம்தான். ஆனால் மானியம் போக மீதி கடன். விற்றாலும் விற்காவிட்டாலும் தவணைத் தேதி வந்துவிடும். கடன் கொடுக்கும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் என்ற முறையில் சொல்கிறேன்: மானியம் கிடைக்கிறது என்பதற்காக மெஷின் வாங்காதீர்கள். மேலே சொன்ன நோட்டில் ஆறு மாதக் கணக்கு எழுதிய பிறகு, 'கை போதவில்லை, ஆர்டரைத் திருப்பி அனுப்புகிறோம்' என்ற நிலை வந்தால் வாங்குங்கள். அந்த நோட்டே வங்கியில் உங்களுக்கு நல்ல சாட்சி.

பதிவும் பேரும்

விளைந்த எள்ளை அப்படியே விற்க உணவுப் பாதுகாப்புப் பதிவு தேவை இல்லை. உருண்டையாக்கி விற்றால் தேவை. நான் பதிவு செய்தபோது, ஆண்டு விற்பனை 12 லட்சம் ரூபாய்க்குள் இருந்தால் எளிய பதிவு போதும், கட்டணம் ஆண்டுக்கு 100 ரூபாய் என்று இருந்தது. இணையத்திலேயே செய்யலாம். கிடைக்கும் 14 இலக்க எண்ணை உறையில் அச்சடிக்க வேண்டும். அதோடு பொருளின் பெயர், சேர்மானங்கள் அளவு வாரியாகக் கூடியதிலிருந்து குறைந்தது வரை, எடை, விலை, செய்த தேதி, எத்தனை நாளுக்குள் சாப்பிட வேண்டும், உங்கள் முகவரி, பச்சைச் சைவக் குறி. எள்ளும் நிலக்கடலையும் சிலருக்கு ஒவ்வாமை தரும், ஆகவே அதையும் தெளிவாகப் போடுங்கள்.

'ஆர்கானிக்' என்று அச்சடிப்பதற்கு முன் நிதானியுங்கள். 2017ஆம் ஆண்டு விதிமுறைப்படி அப்படிச் சொல்லி விற்க மூன்றாம் தரப்புச் சான்றோ, பங்கேற்பு உத்தரவாதக் குழுச் சான்றோ வேண்டும். சிறு உழவர் தாமே நேரடியாக நுகர்வோருக்கு விற்றால் விலக்கு உண்டு. சட்டம் இருக்கட்டும், மனசாட்சி என்று ஒன்று இருக்கிறதே. எள் நம்ம காட்டு எள், ஆனால் சர்க்கரை எங்கிருந்தோ வந்தது என்றால் உருண்டையில் பத்தில் நாலு பங்கு நமக்குத் தெரியாத பொருள். அதை உள்ளபடி எழுதுங்கள்: 'எள் எங்கள் தோட்டத்தில் மருந்தில்லாமல் விளைந்தது. சர்க்கரை இன்ன ஊர்க் கொட்டகையில் வாங்கியது.' இப்படி எழுதினால் யாரும் குறைவாக நினைக்க மாட்டார்கள், நம்பிக்கைதான் கூடும்.

அதே நேர்மை உடம்பு விஷயத்திலும் வேண்டும். எள்ளில் சுண்ணாம்புச் சத்து அதிகம், 100 கிராமில் சுமார் 1,000 மில்லிகிராம் அளவுக்கு இருக்கிறது. அதில் பெரும்பகுதி தோலில்தான், ஆனால் தோலில் உள்ள ஆக்சாலிக் அமிலம் அத்தனையையும் உடம்பில் சேர விடாது. நல்ல பண்டம் என்று சொல்லலாம், மருந்து என்று சொல்லக் கூடாது. 'நாட்டுச் சர்க்கரைதானே, சுகர் இருக்கிறவங்களும் சாப்பிடலாம்' என்று சந்தைகளில் சிலர் சொல்லி விற்கிறார்கள். அது தப்பு. வெல்லமும் இனிப்புதான், ரத்தத்தில் சர்க்கரையை ஏற்றத்தான் செய்யும். 25 கிராம் எள்ளுருண்டையில் 10 கிராம் நாட்டுச் சர்க்கரை இருக்கிறது. கேட்கிறவருக்கு அதைச் சொல்லிவிடுங்கள். கெட்டியான கடலை உருண்டையைச் சின்னக் குழந்தைகள் கையில் கொடுக்க வேண்டாம் என்றும் சொல்லுங்கள், தொண்டையில் சிக்கும்.

ஊர்ப் பெயருக்கு ஒரு விலை

2009இல் திருப்பதி லட்டுக்குப் புவிசார் குறியீடு கிடைத்தது. 2020இல் கோவில்பட்டி கடலை மிட்டாய்க்குக் கிடைத்தது. முதலாவதற்குப் பின்னால் பெரிய கோயில் இருக்கிறது. இரண்டாவதற்குப் பின்னால் இருப்பது கரிசல் காட்டு மானாவாரிக் கடலை, வெல்லப் பாகு, பல சிறு குடும்பங்களின் கைப்பழக்கம். நிலக்கடலை எல்லா ஊரிலும் விளைகிறது, ஆனாலும் கடலை மிட்டாய் என்றால் கோவில்பட்டி என்று சொல்ல வைத்தார்கள். விளையும் இடத்துக்குப் பக்கத்திலேயே பண்டமும் செய்து, பல வருடம் ஒரே தரத்தில் கொடுத்ததால் வந்த பேர் அது.

நாம் அவ்வளவு தூரம் யோசிக்க வேண்டாம். இந்த மாதம் 2 கிலோ எள்ளில் தொடங்குங்கள். மூன்று ஈடு செய்யுங்கள், மூன்றையும் நோட்டில் எழுதுங்கள். முதல் ஈடு வீட்டுக்கும் அக்கம்பக்கத்துக்கும். இரண்டாவது ஈட்டை அடக்க விலைக்குக் கொடுங்கள், குறை சொல்லச் சொல்லிக் கேளுங்கள். மூன்றாவது ஈட்டுக்கு முழு விலை போடுங்கள். அடுத்த மாதக் கூட்டத்துக்கு வரும்போது ஒரு பாக்கெட் உருண்டையும், அந்த நோட்டையும் கையோடு கொண்டு வாருங்கள். உருண்டையை எல்லோரும் சாப்பிடலாம். கூலிப் பக்கத்தை மட்டும் நான் முதலில் பார்ப்பேன்.